இழுக்கவிடாத விரல்

சீட்டுக் கூட்டாளியே, நீர் விட்டுச்சென்ற, நோவுக்குப் பூசும் எண்ணெய்ப் போத்தலை இன்று காலை மகள் திறந்தாள். அந்த வாசத்தோடு நீரும் என் ரொம்சோஸ் அடுக்குமாடி வீட்டுக்குள் வந்துவிட்டீர்.

நிலவறைக் கதவில் என் மோதிர விரல் நசிந்திருந்தது. வீங்குவதற்கு முன்பே சவர்க்காரம் போட்டு மோதிரத்தைக் கழற்றிவிட்டேன். பல்கணிப் பனியைப் பையில் அள்ளி, துவாயில் சுற்றி விரலில் வைத்து, கையை உயர்த்திப் பிடித்தபடி இருந்தேன். அப்போதுதான் மகள் வந்தாள்.

"தனிய இருந்தது காணும் அப்பா. இண்டைக்கே மோர்டென்ஸ்ருட்டிலை எங்கடை வீட்டுக்கு வாங்கோ, எங்களோடை இருக்கலாம்."

"விரல் நசிஞ்சதுக்கு வீடு மாறுறதோ?"

அவள் என் உடுப்புப் பெட்டியை அலுமாரியிலிருந்து எடுத்து வைத்தாள். பிறகு எண்ணெய் பூசி என் விரலை உருவிவிடப் போத்தலைத் திறந்தாள்.

உமக்கு நினைவிருக்கும். சீட்டாட வந்த இடத்தில் உமது சின்ன விரல் கார்க் கதவில் அகப்பட்டது. விரல் கோணி நின்றது. "இழுக்க விடாதையும், டொக்டரிட்டைப் போவம்" என்றேன். "ஐசே, நீர் புத்தகம் வாசிச்ச டொக்டர், பேசாமல் இரும்" என்றீர். எல்லோரும் சிரித்தார்கள். ஒருவர் கையைப் பிடிக்க, இன்னொருவர் எண்ணெய் பூசி இழுத்தார். சடக்கென்றது. "பாத்தீரோ, சுளுக்கு விட்டிட்டுது!" என்றீர். முறிந்தது எலும்பு. அந்த விரல் பிறகு நேராகவே இல்லை. சீட்டைப் பிடிக்கும்போதெல்லாம் தனியே நீட்டிக்கொண்டு நிற்கும். "உம்மைத்தான் காட்டுது" என்று பகிடி விடுவீர். நான் சொன்னது சரி என்று மட்டும் ஒருநாளும் சொல்லவில்லை.

"மூடு அதை," என்றேன் மகளிடம். "புதுசா நசிஞ்சதை உருவினால் உள்ளுக்கை இரத்தம் கூடக் கசியும்." விரலை மடக்கி நீட்டிக் காட்டினேன். நுனியில் உணர்வு இருந்தது. கோணல் இல்லை. "கோணினால், மடங்காட்டில், விறைச்சால், நகத்துக்குக் கீழை இரத்தம் கட்டி விண் விண்ணெண்டு குத்தினால் டொக்டரிட்டைப் போவன்."

"நீங்கள்? போவீங்களோ?"

"ஓம். நான் என்ன உன்ரை மாமாவோ?"

உம்மை அவள் மாமா என்றுதானே கூப்பிடுவாள். சிரித்துவிட்டாள். ஆனாலும், "பின்னேரம் வந்து பாப்பன். அதுவரைக்கும் பெட்டி இஞ்சைதான் இருக்கும்" என்றாள்.

பின்னேரம் விரல் நாவற்பழம் போலக் கறுத்திருந்தது. அவள் கண்முன்னே மடக்கினேன். நொந்தது, மடங்கியது. பெட்டியை அவளே அலுமாரிக்குள் வைத்தாள்.

இந்த வீட்டில்தான் இருக்கிறேன், ஐசே. உம்மோடு உள்ள கோபத்தை விடவில்லை. போத்தலையும் எறியவில்லை.