பதிவேட்டில் ஏறாத புகார்

நவ. 4, செவ்வாய்
விடியலிலிருந்து மழை. என் மேசைக்கு மேலே விளக்கு எரியவில்லை. ஊருக்கே கரன்ட் கொடுக்கிற ஆபீஸ்.

புகார் ஒன்பது. வழக்கம்போலக் காலண்டர் தாளின் பின்பக்கம் எழுதிக் குத்தூசியில் குத்தினேன். வேலை முடிந்தால்தான் பதிவேடு. நிலுவையே இல்லை என்று மேலே காட்ட எங்கள் ஜூனியர் இன்ஜினியர் ஜே.ஈ. கண்டுபிடித்த வழி.

நெல்லித்தோப்பு இஸ்திரி வண்டிக்காரர் முருகையன் நனைந்துகொண்டே வந்தார். கம்பத்தை இழுத்துக் கட்டியிருக்கும் ஸ்டே கம்பியில் ஷாக் அடிக்கிறதாம். "தொட்டாலே ஜிவ்வுங்குதும்மா. துணி காயப் போடற கயித்தக்கூட அவுத்துட்டேன்." லைன்மேன் வருவார் என்றேன். "வரட்டும், டீ வாங்கித் தரேன்" என்று சிரித்தார்.

நாலரைக்கே கிளம்பி, வளைகாப்புக்குப் புடவை வாங்கப் போனேன். லைன்மேனிடம் அவசரம் என்று சொல்ல மறந்தேன்.

நவ. 5, புதன்
லீவு. அரியாங்குப்பத்தில் அண்ணன் மகள் வளைகாப்பு. கேசரியில் சர்க்கரை தூக்கல். பாலத்தில் ஒரே நெரிசல்.

நவ. 7, வெள்ளி
மழை விடவில்லை. ஒன்பதரைக்குப் போன். இஸ்திரி வண்டிக்காரர் செத்துவிட்டார். வண்டிமேல் தார்ப்பாய் இழுக்கும்போது கால் வழுக்கி, ஸ்டே கம்பியைப் பிடித்திருக்கிறார். கோரிமேடு ஆஸ்பத்திரிக்குப் போவதற்குள் உயிர் போய்விட்டது.

மத்தியானம் பார்த்தால் குத்தூசி காலி. ஜே.ஈ. மேசையைச் சுத்தம் செய்தாராம்.

நவ. 20, வியாழன்
வெயில். முருகையன் மனைவி செல்வி வந்தாள். "எங்க வூட்டுக்காரு இங்க வந்து சொன்னாருக்கா. ஒரு அம்மா எழுதிக்கிச்சுன்னாரு. நீங்கதானா?" ஜே.ஈ. பார்த்துக்கொண்டே இருந்தார்.

"ஞாபகமில்லம்மா" என்றேன். பரவால்லக்கா என்று சொல்லிவிட்டுப் போனாள்.

சீ, நானெல்லாம் ஒரு மனுஷி.

பிப். 10, செவ்வாய்
செல்வி கேஸ் போட்டிருக்கிறாள். எங்கள் வக்கீல் வந்தார். கம்பத்துக் கரன்டில் ஆள் செத்தால் யார் அலட்சியம் என்று அவள் நிரூபிக்கவே வேண்டாமாம். கரன்ட் யாருடையதோ அவர்தான் பொறுப்பு. தப்பிக்க ஒரே வழி, செத்தவர் தலையிலேயே பழியைப் போடுவது. "ஸ்டே கம்பியில கயிறு கட்டி ஈரத்துணி போட்டான். புகாரும் குடுக்கல. அவ்ளோதான்." பழைய போட்டோவில் கயிறு இருக்கிறதாம்.

பதிவேட்டில் அப்படி ஒரு புகாரே இல்லை என்று நான் அஃபிடவிட் தரணும்.

ஜே.ஈ.: "இதுல பொய்யே இல்ல மேடம். பதிவேட்டுல இல்லதான?"

இல்லைதான்.

செய்ய வேண்டியது: காஸ் புக் பண்ண. கண் டாக்டர். அஃபிடவிட், வெள்ளிக்குள்.

பிப். 12, வியாழன்
இந்த நோட்டைப் பின்னால் புரட்டினேன். நவ. 4. அவர் வந்தது, கயிற்றை அவிழ்த்தது, எல்லாம் இருக்கு. அவர் சொன்னதற்கு மிச்சம் இருக்கிற ஒரே எழுத்து. அதற்குக் கீழேயே நான் புடவை வாங்கப் போனதும்.

பக்கத்தை மட்டும் கிழித்துத் தரலாமா? செல்வியின் வக்கீலுக்குப் போன் போட்டுக் கேட்டேன். "கிழிச்சா நம்ப மாட்டாங்கம்மா. முழு நோட்டும் வேணும். உங்க வேலைக்கு வம்பு வரும், யோசிச்சுக்குங்க."

பயமாகத்தான் இருக்கு.

பிப். 13, வெள்ளி
மேகமூட்டம். அஃபிடவிட்டில் கையெழுத்துப் போடவில்லை. ஜே.ஈ. முகம் கொடுத்துப் பேசவில்லை.

சாயங்காலம் நெல்லித்தோப்பு. வண்டி தார்ப்பாய் மூடி அப்படியே நிற்கிறது. "எனக்கு ஞாபகம் இருக்கு செல்வி" என்றேன். அவள் உள்ளே போய் டீ போட்டு வந்து வைத்தாள். குடிக்க முடியவில்லை.

நோட்டை அவளிடம் கொடுக்கப் போகிறேன். அதற்கு முன் விட்டுப்போனதை எழுதிவிடுகிறேன். நவ. 6, வியாழன். முழு நாளும் ஆபீசில் இருந்தேன். லைன்மேன் என் எதிரில் உட்கார்ந்துதான் சாப்பிட்டார். எனக்கு முருகையனின் புகார்ச் சீட்டு ஞாபகம் இருந்தது. மழையில் போகச் சொன்னால் எரிந்து விழுவாரே என்று நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என விட்டேன்.