அதிகாரி திறக்க வேண்டிய பூட்டு

என் ரோசம்மா அக்காவுக்கு, சண்டைக்காரிக்கு,

இந்த வருஷமும் கல்லறைத் திருநாள் வந்து போனது. காலையில் ரஹாங் கல்லறைத் தோட்டத்தில் உன் கல்லறையைக் கழுவி மெழுகுவர்த்தி ஏற்றினேன். மாலையில் ரந்தாவ் பக்கம் நம் பழைய ரப்பர் தோட்டத்துக்குப் போனேன், அங்கே புதைத்த அம்மாவைப் பார்க்க. பார்க்க என்று எழுதிவிட்டேன். கேட்டுக்கு வெளியே நின்றுவிட்டு வந்தேன் என்பதுதான் சரி.

பூட்டு அப்படியே தொங்குகிறது.

மழை விட்ட நேரம். ரப்பரை அழித்து நட்ட செம்பனைகளுக்கு நடுவே மண்ணிலிருந்து ஆவி எழும்பிக்கொண்டிருந்தது. அந்த மாலை வெளிச்சத்தில் எனக்கு எப்போதும் ஒரு மயக்கம் வரும். அம்மா ரப்பர் பால் வாளியோடு அந்தப் பக்கத்திலிருந்து நடந்து வருவாள். கேட்டருகே நின்று, இதை யார் போட்டது என்று கேட்பாள். நான் என்ன சொல்ல? தோட்டத்தை வாங்கிய கம்பெனி போட்டது அம்மா. கல்லறைக்குப் போகும் பாதையைத் திறந்துவிடச் சொல்லிக் கோர்ட்டு தீர்ப்புக் கொடுத்தது. முப்பது நாளுக்குள் நில அலுவலக அதிகாரி நேரில் வந்து அதைத் திறக்க வைக்க வேண்டும் என்றும் எழுதியது. அந்த அதிகாரிக்கு முப்பது வரை எண்ணத் தெரியவில்லை.

தீர்ப்பை லேமினேட் செய்து எடுத்துக்கொண்டு நீ அவர் முன்னால் நின்ற நாள் நினைவிருக்கிறதா?

"மேலேருந்து உத்தரவு வரணும்மா," என்றார்.

"கோர்ட்டுக்கு மேல யாருங்க, கடவுளா? அவர்கிட்ட நான் பேசிக்கிறேன். நீங்க வந்து பூட்டத் தொறங்க லா!"

வரிசையில் நின்றவர்கள் எல்லாம் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். சிரித்தபடியே ஃபைலை மூடினார். அந்தச் சிரிப்பை நான் இன்னும் மன்னிக்கவில்லை, மன்னிக்கப்போவதும் இல்லை.

உன் மேலும் எனக்குக் கோபம் உண்டு. பூட்டை வெட்டக் கட்டர் வாங்கி வருகிறேன், ரெண்டு நிமிஷ வேலை என்றேன். நீதான் தடுத்தாய். "நாம வெட்டுனா அது நம்ம ஆத்திரம்டா. அந்த ஆளு வந்து தொறந்தாதான் அது தீர்ப்பு." சரியாகத்தான் சொன்னாய். சரியாகச் சொல்லி என்ன கண்டாய்? அம்மாவுக்குப் பக்கத்தில் உனக்கென்று விட்டுவைத்த இடம் புல் முளைத்துக் கிடக்கிறது. உன்னைச் சுமந்த வண்டி ரஹாங்குக்குப் போனது. அன்று காலையிலும் அதிகாரிக்குப் போன் அடித்தேன். மீட்டிங்கில் இருக்கிறார் என்றார்கள்.

இந்த முறை கட்டர் என் காரில் இருந்தது, அக்கா. உன்னிடம் மறைக்க மாட்டேன்.

கேட்டின் அடிக்கம்பியில் நாம் வருஷா வருஷம் ஏற்றிய மெழுகு உருகி, கட்டியாக உறைந்திருக்கிறது. அதன் மேலேயே இந்த வருஷத்து மெழுகுவர்த்தியை ஊன்றிக்கொண்டிருந்தேன். காவலுக்கு இப்போது நம் சுப்பையா அண்ணன். இளவயதில் அம்மாவுக்கு அடுத்த நிரையில் ரப்பர் மரம் வெட்டிப் பால் எடுத்தாரே, அவரேதான்.

"இந்த வருஷமும் வெளியவேவா, வாத்தியாரே?"

"எங்களுக்கு அளந்து கொடுத்த எடம் இதுதாண்ணே."

அவர் சாலையை ஒருமுறை பார்த்தார். சாவியை எடுத்தார். "கம்பெனி ஆளு யாரும் இல்ல. அஞ்சு நிமிஷம், ஆத்தாவப் பாத்துட்டு ஓடியாந்துரு. நான் ஒண்ணும் பாக்கல."

பூட்டு திறந்தது. எத்தனை வருஷம், எத்தனை மனு! ஒரு கிழவரின் இரக்கத்தில் அது சத்தமில்லாமல் திறந்துகொண்டது. உள்ளேயிருந்து ஈரமண் வாசனை வந்தது. என் கால் தானாக எழுந்தது.

அப்போதுதான் அதிகாரியின் அந்தச் சிரித்த முகம் கண் முன்னால் வந்தது. பாதை திறந்திருக்கிறது, குடும்பத்தார் போய் வருகிறார்கள் என்று இரண்டு வரி எழுதி அவர் ஃபைலை முடித்துவிடுவார். சுப்பையா அண்ணன் வேலையும் போகும்.

"பூட்டிருங்கண்ணே."

"கிறுக்கா ஒனக்கு? பெத்தவளப் பாக்க வந்துட்டு!"

"தொறக்க வேண்டியவரு வேற ஆளு. நீங்க தொறந்தா அவரு தப்பிச்சிருவாரு."

"ஒங்கக்கா வாய் அப்படியே இருக்கு லா," என்று முனகிவிட்டு என் கையில் மீதியிருந்த இரண்டு மெழுகுவர்த்திகளை வாங்கிக்கொண்டார். "ஆத்தாவுக்கு ஒண்ணு. இன்னொண்ணு?"

"பக்கத்துல ஒரு காலி எடம் இருக்கும். அங்க வச்சிருங்க."

கேட்டைச் சாத்திக்கொண்டு அவர் உள்ளே நடந்தார். ஆவிக்குள் மறைந்துபோனார். பிறகு பனைகளுக்கு நடுவில் ஒரு வெளிச்சம் தெரிந்தது. அதன் அருகில் இன்னொன்று. இரண்டும் பேசிக்கொள்வதுபோல் அசைந்தன. அவற்றில் எது அம்மா, எது நீ?

வருகிற திங்கட்கிழமை வக்கீலைப் பார்க்கிறேன். கோர்ட்டு அவமதிப்பு மனு. இந்த முறை கம்பெனி மேல் மட்டுமில்லை, அந்த அதிகாரியின் பெயரையும் போட்டு. அவர் கையாலேயே அந்தப் பூட்டைத் திறக்க வைப்பேன். அன்று உன் கல்லறையில் ஒரு பிடி மண் எடுத்துப்போய் அந்தக் காலி இடத்தில் போடுவேன். அதுவரை நானும் உள்ளே போக மாட்டேன்.

கட்டரைக் கடையிலேயே திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

உனக்குப் பின்னால் பிறந்து, இன்றைக்கும் உன் பின்னாலேயே வரிசையில் நிற்கிற தம்பி,
அந்தோணி