தலைப்பாகைத் துணியின் மறுமுனை

பிப். 6, வெள்ளி

மூடுபனி. குவாரியில் கல் உடைக்கிற க்ரஷர் ஒரு மணி நேரம் லேட். சோப்பு, ரேசர், டாப்-அப் வாங்கணும்.

வளைகுடாவில் முந்நூறு பேர் இருக்கிற இந்தக் கேம்ப்பில் சீக்கியர் ஒருவர்தான். என் ரூமிலேயே இருக்கிற பல்விந்தர் பாஜி, கல் அள்ளுகிற ஷவல் வண்டி ஆபரேட்டர். பாஜி என்றால் அண்ணன். தலைப்பாகைத் துணி ஆறு மீட்டர் இருக்கும். ஒரு முனையை ஒருவர் இழுத்துப் பிடித்தால்தான் இன்னொருவர் ஒழுங்காக மடிக்க முடியும். எட்டு மாதமாகக் காலையில் மறுமுனை என் கையில்தான்.

இன்று சார்ஜர் கேட்டு வந்த முருகேசன் பார்த்துவிட்டான். எங்க ஊர்ப் பக்கத்து ஊர்.

"என்ன மாப்ள, பொண்டாட்டிக்குச் சேலை மடிக்கிறியா?"

பின்னால் நாலு பேர் சிரிப்பு. நானும் சிரித்துத் தொலைத்தேன். "என்னடா பண்றது, ஆளு விடமாட்டேங்கிறாரு" என்று சொல்லிக் கையை விட்டேன். துணி தரையில்.

பச்சைப் பொய். அவர் ஒருநாளும் கேட்டதில்லை. நானாகப் போய்ப் பிடித்ததுதான்.

7, சனி

பாஜி குளித்து வருவதற்குள் ஓடிப்போய் பஸ்ஸில் உட்கார்ந்துகொண்டேன். அவர் ஏறினபோது தலைப்பாகை ஒரு பக்கம் உப்பி, கோணலாக. எப்போதும்போலத் தலையசைத்தார். நான் போனைப் பார்த்தேன்.

மெஸ்ஸில் முருகேசன்: "எங்கடா ஒம் வீட்டம்மா?" அதற்கும் சிரித்தேன். சீ, நானெல்லாம் ஒரு மனுசன்.

9, திங்கள்

அம்மாவுக்குப் போன் போடவில்லை.

நேற்று துபாய் குருத்வாராவுக்குப் போனவர், அல்வா கொண்டுவந்து என் கட்டிலில் வைத்திருக்கிறார். தின்றேன்.

அவர் அப்பா இங்கே லாரி ஓட்ட வந்த காலத்தில் குருத்வாரா ஏது? வெள்ளிக்கிழமை ஏழெட்டு சீக்கியர் யாராவது ஒருத்தர் ரூமில் கூடிப் பாடுவார்களாம். மற்ற நாளெல்லாம் தனி ஆள். துணி முனையை ஜன்னல் கம்பியில் கட்டி மடிப்பாராம். போன மாதம் இதைச் சொல்லிவிட்டு, "எனக்கு நீ இருக்கே" என்றார் இந்தியில்.

இன்று தூங்குகிற மாதிரி படுத்துக்கொண்டு பார்த்தேன். கட்டில் கம்பியில் முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தார்.

10, செவ்வாய்

பொறுக்க முடியவில்லை. எழுந்து போய், "மாஃப் கரோ பாஜி" என்று மன்னிப்புக் கேட்டேன். "அரே, எதுக்கு?" என்று சிரித்தார். கட்டில் கம்பியில் போட்டிருந்த முடிச்சை அவிழ்த்தார். நான் கை நீட்டினேன்.

"ஏக் மினிட் பாய்" என்று போய்க் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டுவிட்டு வந்தார். எட்டு மாதத்தில் ஒருநாளும் சாத்தியதில்லை. என்னை யாரும் பார்த்துச் சிரித்துவிடக் கூடாதாம்.

திறங்க பாஜி என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. பிடித்துக்கொண்டு நின்றேன்.