இந்த மாதம் முடியும் வரை பார்க்கலாம்

இன்று காலை உன் போனுக்கு ஒரு மெசேஜ் வந்தது. லொறியைக் கழுவிவிட்டுக் கை துடைக்கத் துணி தேடி உள்ளே வந்தேன். சாமித் தட்டில் உன் படத்துக்குப் பக்கத்தில் கிடந்த போன் ஒருமுறை அதிர்ந்து வெளிச்சம் காட்டியது. உனக்கு யார் மெசேஜ் போடப் போகிறார்கள் என்று எடுத்துப் பார்த்தால், படம் காட்டுகிற அந்தக் கம்பெனிக்காரன். உன் பெயரை ஆங்கிலத்தில் போட்டு, நீ இல்லாமல் அவர்களுக்கு என்னவோ போல் இருக்கிறதாம், திரும்பி வரச் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறான். எழுத்துக் கூட்டி வாசித்தேன். ஆத்திரம்தான் வந்தது. நான் கூப்பிட்டே வராதவள், அவன் கூப்பிட்டா வரப்போகிறாய்?

அந்தச் சந்தாவை நிறுத்த நான் பட்ட பாடு உனக்குத் தெரியாது. சொல்கிறேன், கேள்.

மகன் கொழும்பிலிருந்து தீபாவளிக்கு வந்தபோது உன் போனில் அதை ஏற்றிக் கொடுத்தான். நம் இருவர் பெயரிலும் இருக்கிற கணக்கின் வங்கி அட்டையை அதோடு கோத்துவிட்டு, மாதா மாதம் காசைத் தானாகவே வெட்டிக்கொள்ளும் என்று சொல்லிவிட்டுப் போனான். அன்றிலிருந்து இந்த வீட்டில் உனக்கு வேறு உலகம் வந்துவிட்டது. தேயிலைக் கொழுந்து எடுத்துக் களைத்து வந்தவள், குளித்து, அடுப்பில் சோற்றை வைத்து, போனை உப்பு டப்பாவில் சாய்த்து நிறுத்திவிட்டு உட்கார்ந்தால் அவ்வளவுதான். சோறு குழைந்ததா, கரிந்ததா, எதுவும் தெரியாது. எனக்குப் பொழுது சாய்ந்தாலே கண்ணைக் கட்டும். கதாநாயகன் முதல் அடி அடிப்பதற்குள் நான் குறட்டை விட்டிருப்பேன் என்று ஊரெல்லாம் சொல்லி வைத்திருந்தாய்.

ஆனால் எந்தப் படத்தையும் நான் தவற விடவில்லை. காலையில் ரொட்டி தட்டிக்கொண்டே முழுப் படத்தையும் சொல்லிவிடுவாய். வில்லன் வரும்போது குரல் கட்டையாகும். காதல் வந்தால் மாவுக் கையால் முந்தானையை இழுத்துக்கொள்வாய். பிறகு அதே படம் மலைக்குப் போகும். ஆளுக்கொரு வரிசையாக நெரை பிடித்துக் கொழுந்து எடுக்கிற பெண்களுக்கு நீ சொல்லச் சொல்ல, பக்கத்து நெரைக்காரிகள் காது கொடுத்துக்கொண்டே ஒட்டி ஒட்டி வந்துவிடுவார்களாம். "இவ வாய் ஓடுற ஓட்டத்துக்கு எல்லார் கையும் ஓடுனா நம்ம தோட்டம் எங்கயோ போயிருக்கும்" என்று கங்காணி என்னிடம் குறைப்பட்டுக்கொள்வார். சொல்லிவிட்டு, "நேத்து அந்தத் தம்பிக்காரன் என்ன ஆனானாம்?" என்று அவரே கேட்பார். ஒரு சந்தா. அதில் நமுனுகுல மலைச்சரிவில் ஒரு கும்பலே படம் பார்த்தது.

நீ போன பிறகு உன் சேலைகளைக் கருமாதியன்றே எடுத்துக் கொடுத்துவிட்டார்கள். கூடை, இடுப்பில் கட்டுகிற படங்கு, மழைக்குக் கட்டுகிற பொலித்தீன், எல்லாம் போயிற்று. எதுவும் உன்னைப் பிடித்து இழுக்கக் கூடாதாம். போனை மட்டும் நான் கொடுக்கவில்லை. அது என்னை இழுத்துக்கொண்டு கிடந்தது. காசு வெட்டிவிட்டதாக மாதம் தவறாமல் வங்கியிலிருந்து மெசேஜ் வரும். பார்க்க ஆளில்லாத படத்துக்குக் காசு.

நமக்குத் தெரிந்ததெல்லாம் ரீலோட்தானே. போட்டால் ஓடும், போடாவிட்டால் நிற்கும். உன் போனுக்கு ரீலோட் போடாமல் விட்டால் இதுவும் தன்னால் நின்றுவிடும் என்று இருந்தேன். நிற்கவில்லை. அந்தச் செயலியையே போனிலிருந்து அழித்தேன். அப்போதும் வெட்டினார்கள். கடைசியில் பண்டாரவளைக்கு பஸ் ஏறி வங்கிக்கே போய்விட்டேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்த பிள்ளை பொறுமையாகத்தான் சொன்னது. "ஐயா, செயலிய அழிச்சா சந்தா நிக்காது. அந்தக் கம்பெனியோட கணக்குக்குள்ள போய், இனிமே வேணாம்னு நீங்களே சொல்லணும். அம்மாவ ஒருக்கா கூட்டிட்டு வாங்க, நான் காட்டித் தர்றேன்." சரி என்று தலையாட்டிவிட்டு வெளியே வந்து, பஸ் ஸ்டாண்டில் கொஞ்ச நேரம் நின்றேன்.

மகனிடம் சொன்னேன். "எனக்கு பாஸ்வேர்ட் தெரியும்பா, இங்க இருந்தே ஒரு நிமிசத்துல நிப்பாட்டிருவேன்" என்றான். வேண்டாம் என்றேன். உனக்கு முதல் பிடி மண் போட்டவன் அவன். இதையாவது நான் செய்கிறேன் என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன் என்று இப்போதும் எனக்கு விளங்கவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவன் பேசப் பேச, என் போனைக் காதில் இடுக்கிக்கொண்டு உன் போனில் அழுத்தினேன். ரீலோட் போட்டு, செயலியைத் திரும்ப ஏற்றித் திறந்ததும், யார் பார்க்கிறீர்கள் என்று கேட்டது. கீழே உன் பெயர் மட்டும் இருந்தது. அதை அழுத்தித்தான் உள்ளே போக வேண்டியிருந்தது. எங்கெங்கோ போய்க் கடைசியில், ஏன் விலகுகிறீர்கள் என்று ஒரு கேள்வி வந்தது. விலை அதிகமா, பார்க்க நேரமில்லையா, நல்ல படம் இல்லையா என்று வரிசையாக எழுதியிருந்ததை நான் எழுத்துக் கூட்டி வாசிக்க, மகன் தமிழில் சொன்னான்.

"ஆள் செத்துப்போச்சுன்னு அதுல இருக்காடா?"

"இல்லப்பா. கடைசில வேற காரணம்னு ஒண்ணு இருக்கு பாருங்க. அத அமத்துங்க" என்றான்.

அமத்தினேன். முடிந்தது. இனிக் காசு வெட்ட மாட்டார்கள். ஆனால் கட்டிய காசுக்கு இந்த மாதம் முடியும் வரை பார்க்கலாம் என்று ஒரு வரி வந்தது. மகன் போனை வைத்துவிட்டான். நான் அந்த வரியையே பார்த்துக்கொண்டிருந்தேன். நீ பார்த்த படங்களின் சின்னச் சின்ன முகங்கள் அதற்குக் கீழே வரிசையாக நின்றன. மாதம் முடிந்தால் அவையும் போய்விடும்.

அதனால்தான் பார்க்க உட்கார்ந்தேன். மறுநாள் வேலை முடிந்து வந்ததும், உன் உப்பு டப்பாவிலேயே சாய்த்து வைத்து, நீ சொன்ன அந்தத் தம்பிக்காரன் படத்தைப் போட்டேன். உன் வாயால் கேட்டதைக் கண்ணால் பார்க்கிறோம், உன்னோடு உட்கார்ந்த மாதிரி இருக்கும் என்று ஒரு நப்பாசை. படத்தில் தம்பிக்காரன் ஆற்றோடு போய்விட்டான். போனவன் வரவேயில்லை. நீயோ அவன் கரையேறி வந்து அண்ணன் கல்யாணத்தில் பந்தி பரிமாறினான் என்று சொன்னாய். என்ன பாயசம் என்றுகூடச் சொன்னாய்! எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நீ போன பிறகு அன்றுதான் சிரித்தேன். அடி பொய்க்காரி, கங்காணி வரைக்கும் ஏமாற்றியிருக்கிறாயே என்று சத்தமாகவே சொன்னேன்.

அதோடு நான் நிறுத்தியிருக்க வேண்டும். அடுத்த நாள் வளையல்காரன் படத்தைப் போட்டேன்.

அந்தப் படத்தை நீ எனக்குச் சொன்ன காலை நன்றாக ஞாபகம் இருக்கிறது. அதற்கு முந்தின நாள் பதுளை ஆஸ்பத்திரிக்கு கிளினிக் போய் வந்திருந்தாய். நான் லொறியை விட்டுவிட்டு வர முடியவில்லை, தனியாகத்தான் போனாய். டாக்டர் என்ன சொன்னார் என்று கேட்டதற்கு, "வயித்துப் புண்ணுதாங்க. நேரத்துக்குச் சாப்புடச் சொன்னாங்க" என்றாய். காலையில் படம் சொன்னாய். வளையல் விற்கிறவனின் பெண்டாட்டிக்கு நோய். அவளை டவுன் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போகிறான். "கடைசில பொழச்சிக்கிறாங்க. ரெண்டு பேரும் ஆஸ்பத்திரி கேட்டத் தாண்டிக் கை கோத்துக்கிட்டு வெளிய வாறாங்க. அவ ரோட்டுல நின்னு, எனக்கு வளையல் போட்டு விடுங்கன்னு கேக்குறா" என்று சொல்லிவிட்டு உன் கையை நீட்டிக் காட்டினாய். அன்று பாதிப் படத்தை மலையிலும் சொன்னாய். அன்றிரவே நோவு கூடிப் படுத்தவள், அதற்குப் பிறகு மலைக்குப் போகவேயில்லை.

படத்தில் அந்தக் கேட்டைத் தாண்டி அவன் மட்டும் வருகிறான்.

பிறகு ஆஸ்பத்திரிக் கட்டிலில் இருந்தபோது நீயே சொன்னாய், அந்த முதல் கிளினிக்கிலேயே டாக்டர் எல்லாவற்றையும் விளக்கிவிட்டார் என்று. என்னிடம் ஏன் மறைத்தாய் என்று கேட்டதற்கு முகத்தைத் திருப்பிக்கொண்டாய். ஆக, எல்லாம் தெரிந்துகொண்டு வீட்டுக்கு வந்து, அடுப்புக்கு முன்னால் உட்கார்ந்து இந்தப் படத்தைக் கடைசி வரை பார்த்திருக்கிறாய். நான் பக்கத்தில் படுத்துத் தூங்கிக்கொண்டிருந்திருக்கிறேன். விடிந்ததும் அவளைப் பிழைக்க வைத்துவிட்டாய். அதை எனக்காகச் சொன்னாயா, உனக்காகச் சொன்னாயா? இதை யாரிடம் போய்க் கேட்பேன்? தெரியாமலே இருந்திருக்கலாம் என்று அன்று அடித்துக்கொண்டு அழுதேன்.

மிச்சப் படங்களை நான் தொடவில்லை. அவற்றில் யார் யாரை நீ உயிரோடு திருப்பிக் கொண்டுவந்தாயோ, அப்படியே இருக்கட்டும். மாதம் முடிந்தது. திறந்து பார்த்தேன். காசு கட்டினால்தான் இனிக் காட்டுவோம் என்றது. உன் பெயரைக் காணவில்லை. நிறுத்த வேண்டும் என்று அலைந்ததும் நான்தான், நிறுத்தியதும் நான்தான். ஆனாலும் உன்னை இரண்டாம் தடவை கொண்டுபோன மாதிரிதான் இருந்தது.

இன்று மத்தியானம் கொழுந்து நிறுக்கிற மடுவத்துக்கு லொறியைக் கொண்டுபோனேன். கொழுந்து நிறுத்துக்கொண்டிருந்தார்கள். உன் நெரைக்குப் பக்கத்து நெரை பார்வதி கூடையை இறக்கி வைத்துவிட்டு, தயங்கித் தயங்கி என் பக்கம் வந்தாள்.

"அண்ணே, ஒண்ணு கேட்டா மனசு கஷ்டப்பட மாட்டீங்களே?"

"கேளும்மா."

"அக்கா கடைசியா ஒரு வளையல்காரன் படம் சொல்லிச்சி. ஆஸ்பத்திரிக்குப் போறதோட நின்னுருச்சி, மிச்சம் நாளைக்கின்னுச்சி. எங்களுக்குள்ள பேசிக்கிட்டே இருக்கோம். அந்தப் பொம்பளைக்கு என்னண்ணே ஆச்சு? உங்ககிட்டச் சொல்லியிருக்குமே?"

நிறுத்துக்கொண்டிருந்தவர்கள்கூடத் திரும்பிப் பார்த்தார்கள். உண்மை எனக்கு வாய் வரை வந்தது. உன்னைப் பெட்டியில் வைத்து ஆஸ்பத்திரியிலிருந்து இதே லொறிப் பாதையில் கொண்டுவந்தபோது முன்னால் நடந்தவர்கள் அவர்கள். சாவைப் பற்றி அவர்களுக்கு என்ன புதிதாகத் தெரிந்துவிடப் போகிறது?

"பொழச்சிக்கிட்டா" என்றேன். "ரெண்டு பேரும் கேட்டத் தாண்டிக் கை கோத்துக்கிட்டு வந்தாங்களாம். ரோட்டுல நின்னு வளையல் போட்டு விடச் சொன்னாளாம்."

"அப்பாடா" என்றாள் பார்வதி. "நான் செத்துட்டாளோன்னுதாண்ணே பயந்துகிட்டு இருந்தேன்." பின்னால் நின்ற பெண்களிடம் அவளே போய்ச் சொன்னாள். அங்கே ஒரு சிரிப்புச் சத்தம் எழுந்தது.

நான் லொறியில் ஏறிக் கதவைச் சாத்திக்கொண்டேன். அவர்கள் நம்பிவிட்டார்கள். நீ சொன்னபோது நானும் இப்படித்தான் நம்பினேன்.