ராமாயியின் பதினைந்து ரூபாய்

4 அக்டோபர் 1954, திங்கள்

விடியவே தூறல். குடைக்கம்பி ஒன்று ஒடிந்தது. பஜாரில் கொடுக்க வேண்டும். கோர்ட்டில் மொழிபெயர்ப்பு முதலியார் நீண்ட லீவு. பழைய முதலியார், பென்சன்காரனான எனக்கு மறுபடி அந்த வேலைக்கு அழைப்பு. காது முன்போல் இல்லை. ஒப்புக்கொண்டது சரிதானா?

இன்று தாபரிப்பு வழக்கு, மனைவி ஜீவனாம்சம் கேட்டு. நமுனுகுல மலைப் பக்கத் தேயிலைத் தோட்டம். மனைவி ராமாயி, கொழுந்து பறிப்பவள். கண்ணுக்குக் கீழே வீக்கம். வலது முழங்கை மடங்கவில்லை. இப்போது அண்ணன் வீட்டில், அதே தோட்டத்தில் வேறு லய வரிசையில். புருஷன் முனியாண்டி, சலவை வேட்டி, எண்ணெய் தடவிய தலை.

"வந்து கூட இருக்கச் சொல்லுங்க சாமி. சோறு போடுறேன். நான் வேணாம்னா சொன்னேன்?"

அவளைக் கேட்டேன்.

"அந்தச் சோத்தோடதாங்க இந்த அடியும். இன்னொரு வாட்டி அங்க போனா என் பொணந்தான் வெளிய வரும்."

இங்கிலீஷில் சொன்னேன். குரல் கம்மியது. நீதவான், "உரக்க, முதலியார்" என்றார். வெட்கம்.

தீர்ப்பு: சேர்ந்து வாழ வேண்டியதில்லை. மாதம் பதினைந்து ரூபாய் அவன் கோர்ட்டில் கட்ட வேண்டும்.

வீட்டில் மனைவி பாக்கியத்திடம் சொன்னேன். "அடிச்ச கையாலயே காசும் எண்ணிக் குடுக்கப் போறானோ?" என்றாள். சிரித்தேன். ஏன் சிரித்தேன்?

13 அக்டோபர், புதன்

குடை வந்தது. கூலி அதிகம்.

முனியாண்டி தவணை தவறாமல் கட்டிவிட்டான். ராமாயி கோர்ட் ஜன்னலில் கைநாட்டு வைத்துப் பணம் வாங்கினாள். போகவில்லை. ரூபாய்த் தாள்களைப் பார்த்துக்கொண்டு விறாந்தையில் நின்றாள். மழைக்கு நிற்கிறாள் என்று நினைத்தேன்.

"ஐயா, இது என் காசுங்க."

"உன்னுடையதுதான். கோர்ட் வாங்கிக் கொடுத்தது."

"அது இல்லீங்க. என் சம்பளம். சம்பளத்தன்னிக்கு என் பேரத்தான் கூப்பிட்டாங்க. அந்த ஆளு கைய நீட்டி வாங்கிட்டாரு. பொம்பள சம்பளம் எப்பவும் புருஷன் கையிலதானே? நான் நனஞ்சு பறிச்ச காசு. அதுல கொஞ்சத்த இங்க கட்டிட்டு, மிச்சத்தத் தவறணையில குடிச்சிருப்பாரு."

"தோட்ட ஆபீசில் சொல்லவில்லையா?"

"சொன்னேங்க. 'புருஷன் பொஞ்சாதி சண்டையெல்லாம் லயத்தோட வச்சிக்க'ன்னு கிளாக்கரு சிரிக்கிறாரு."

நீதவான் கையெழுத்து, அரசாங்க முத்திரை, என் இங்கிலீஷ். இத்தனையும் சேர்ந்து அவள் மடியில் பிடுங்கியதில் ஒரு பங்கை, பஸ் செலவோடு, அவளுக்கே தானம் செய்திருக்கிறோம். பதிவில் அவன் ஒழுங்காகக் கட்டியவன்! பேனா முள்ளை அழுத்தி உடைத்துவிட்டேன். கோபம்தான், வயது அல்ல. அப்படித்தான் நினைக்கிறேன்.

14 அக்டோபர், வியாழன்

நீதவானிடம் போய்ச் சொல்லலாமா? முதலியார் வழக்கில் பேசக் கூடாது. வாழ்நாள் முழுக்கப் பிறர் சொன்னதையே சொன்னவன் நான்.

பாக்கியம்: "நீங்கள் ஏன் உதுக்குள்ள தலையைக் குடுக்கிறியள்? பென்சனுக்கு ஆபத்து வந்தால்?"

சிறிது நேரம் கழித்து அடுப்படியிலிருந்து: "அவள் திரும்ப மனுப் போடலாம்தானே. அதைச் சொல்லிக் குடுக்கிறதும் குற்றமோ?"

ராமாயியின் அண்ணனுக்குத் தபாலட்டை போட்டேன். "ராமாயி கோர்ட்டில் மறுபடி மனுக் கொடுக்கவும். சம்பள விஷயத்தைச் சொல்லவும்." கீழே பெயர் எழுதவில்லை. கோழை.

25 அக்டோபர், திங்கள்

இடி. ராமாயியின் மனு விசாரணைக்கு வந்தது.

முனியாண்டியின் வக்கீல் பிரக்கிராசியார், அவருக்கு எப்போதும் அவசரம், "ஒரே கேள்வி. பணம் கிடைத்ததா, இல்லையா?" என்றார். கேட்டேன்.

"கெடச்சுச்சுங்க. ஆனா..."

'கிடைத்தது' என்று நான் இங்கிலீஷில் சொன்னதுமே அவர் உட்கார்ந்துவிட்டார். நீதவான் எழுதத் தொடங்கினார். ராமாயி நிறுத்தவில்லை. என் முகத்தைப் பார்த்தே பேசினாள்.

"ஐயா, சாட்சி இன்னும் முடிக்கவில்லை" என்றேன். யாரும் என்னைக் கேட்கவில்லை. நானேதான்.

"முதலியார் இப்போது சாட்சியும் சொல்கிறாரா?" என்றார் பிரக்கிராசியார். சிரிப்பு.

"இல்லை. மொழிபெயர்க்கிறேன்."

முழுவதையும் சொன்னேன். தவறணை உட்பட.

நீதவான் முனியாண்டியிடம், "யாருடைய சம்பளம்?" என்றார்.

"பொஞ்சாதி சம்பளத்த வேற யாரு கையில குடுப்பாங்க சாமி?"

ஒளிக்கவில்லை. ஒளிக்க வேண்டியது என்றே அவனுக்குத் தெரியவில்லை.

உத்தரவு: பதினைந்து ரூபாய் அவன் உழைப்பிலிருந்து. அவள் சம்பளத்தை அவள் கையில் கொடுக்கும்படி தோட்டத்துரைக்குக் கடிதம். துரை கேட்பாரோ?

12 நவம்பர், வெள்ளி

இரவெல்லாம் மழை. முழங்கால் வலி.

ராமாயி கோர்ட்டுக்கு வந்தாள். புதுச் சட்டை.

"என் பேரக் கூப்பிட்டதும் அந்த ஆளு கைய நீட்டினாருங்க. 'ஒன் கை இல்லடா, அவ கை'ன்னாரு கிளாக்கரு, மொகத்தத் தூக்கி வச்சிக்கிட்டு. நின்ன சனமெல்லாம் சிரிச்சிருச்சு. எண்ணிப் பாத்து வாங்கினேங்க."

நல்லது. ஆனால் முனியாண்டி கோர்ட்டில் சதம்கூடக் கட்டவில்லை. போன மாதம் அத்தனை ஒழுங்கு! சொந்தக் காசு என்றதும் ஆளே இல்லை.

வாசலில் அவன் பெயரை மூன்று முறை கூவினார்கள். வரவில்லை. பிடியாணை. ராமாயிக்கு அதைத் தமிழில் சொன்னேன். உரக்க.