காகிதத்தின் மேல் உட்காருகிறவர்

அக்டோபர் 9, 1973

டீக்கு வெந்நீர் பிடித்துக்கொண்டு வரும்போது, ஸ்டூடியோவின் இரண்டாம் மாடித் தாழ்வாரத்தில் ஒருவர் தரையில் உட்கார்ந்திருந்தார். நல்ல கோட்டு, நல்ல காலணி. சுவரோரமாகக்கூட இல்லை, நட்ட நடுவில். அடியில் தட்டச்சு செய்த காகிதங்கள். பக்கத்தில் நின்ற இரண்டு பேரிடம் தன் பாட்டுக்குப் பேசிக்கொண்டிருந்தார். பிறகு எழுந்து, காகிதங்களைப் பொறுக்கி, கோட்டைத் தட்டிவிட்டுக்கொண்டு போனார்.

என்னைக் கடக்கும்போதுதான் முகத்தைப் பார்த்தேன். நடிகர் யெகோர் இல்யீச் லாதிஷெவ். எங்கள் வீட்டு அலமாரிக் கதவின் உள்பக்கத்தில், கடற்படைத் தொப்பியோடு சிரிக்கிற அதே முகம். அம்மா ஒட்டி வைத்த படம்.

ரிம்மா பாவ்லவ்னாவிடம் சொன்னேன். அவர் படத்தொகுப்பாளர், நான் அவரிடம் பிலிம் வெட்டி ஒட்டக் கற்றுக்கொள்கிறேன். மேஜையிலிருந்து கண்ணை எடுக்காமலே சொன்னார்: "காகிதம் கீழ விழுந்திருக்கும். நாடகக்காரங்க வழக்கம் அது. வசனக் காகிதம் விழுந்தா, விழுந்த இடத்துலயே அதுமேல உட்கார்ந்துட்டுத்தான் எடுக்கணும். இல்லைன்னா அந்த வேஷம் கையைவிட்டுப் போயிடுமாம். சேத்துல விழுந்தாலும் உட்காருவாங்க, பாத்திருக்கேன்."

"நடிக்கவா வந்திருக்கார்?"

"இயக்க வந்திருக்கார். இனிமே நடிக்கவே மாட்டாராம். மொதல் படம். அது நம்ம தலையில வந்து விழுந்திருக்கு."

அப்படியானால் அந்தக் காகிதத்தில் அவருக்கு வேஷமே கிடையாது. பிறகு ஏன் உட்கார்ந்தார்?

அக்டோபர் 10

அம்மா சூப்பைக் கிண்டுவதை நிறுத்திவிட்டாள். "அவனா? நம்ம ஊருக்கா? கிட்டப் போய் ஒரு வார்த்தை பேசுடி." நான் போய்ப் பேசுவேனா? அம்மாவுக்கு என்னைத் தெரியாதா?

நவம்பர் 2

எட்டாம் வகுப்போடு பள்ளியை விட்டது பாடம் வராததால் இல்லை. கரும்பலகை முன்னால் நிற்க முடியாததால். தெரிந்த விடைகூட எல்லோரும் பார்க்கும்போது தொண்டையிலேயே நின்றுவிடும். இங்கே அறை இருட்டு. கையில் வெள்ளைத் துணி உறை, மூக்கில் பசை நாற்றம். யாரும் என்னைப் பார்ப்பதில்லை. நான்தான் எல்லோரையும் பார்க்கிறேன்.

அதனால்தான் எனக்கு இது புரியவில்லை. நான் பார்வைக்குப் பயந்து இங்கே வந்தவள். லாதிஷெவை நாடே பார்த்தது, அவரும் அதில் குறைப்பட்டதாகத் தெரியவில்லை. அவர் ஏன் இருட்டுக்கு வருகிறார்?

கேட்பவர்களுக்கெல்லாம் வேறு வேறு பதில் சொல்கிறார். பத்திரிகைக்காரரிடம், வயதாகிவிட்டது என்றாராம். ரிம்மா பாவ்லவ்னாவிடம், "என் மூஞ்சி எனக்கே சலிச்சுப்போச்சு." கார் ஓட்டும் ஸாவாவிடம், "காகிதம் மேல உட்கார்ந்து உட்கார்ந்து இடுப்பு போயிடுச்சுப்பா."

மூன்றில் எது உண்மை?

நவம்பர் 20

படத்தின் கதை இப்போது எனக்கு முழுதாகத் தெரியும். ஒரு டிராம் ஓட்டுகிற பெண். எட்டு வருடம் முன்னால் அவளை விட்டுப் போன கணவன், ஞாயிற்றுக்கிழமை திரும்பி வருவதாக எழுதியிருக்கிறான். கதவைத் திறப்பாளா, மாட்டாளா? அந்த ஒரு வாரம்தான் படம்.

அந்தப் பெண்ணாக நடிப்பவள் நிஜமாகவே டிராம் ஓட்டுகிறவள். பெயர் தோமா. நடிப்பு என்றால் என்னவென்றே தெரியாது. ஸ்டூடியோத் தலைவர் பக்கோமவ் தலையில் அடித்துக்கொண்டாராம்: "மாஸ்கோவுல நடிகைகளே இல்லையா? டிக்கெட் கிழிக்கிறவளும் வண்டி ஓட்டறவளும்தான் கிடைச்சாங்களா?"

டிசம்பர் 6

எங்களுக்கு மட்டும் தெரிந்த ஒரு விஷயம் உண்டு. ஒவ்வொரு ஷாட்டின் தொடக்கத்திலும், நடிப்பு ஆரம்பிக்கும் முன், கொஞ்சம் வீண் பிலிம் ஓடியிருக்கும். அதை வெட்டிக் கூடையில் போடுவோம். அந்தத் துண்டுகளில் எல்லாம் அவர் இருக்கிறார். சட்டகத்துக்குள் ஓடி வந்து, கடைக்காரனுக்குக் கடைக்காரனாக, குடிகாரனுக்குக் குடிகாரனாக நடித்துக் காட்டிவிட்டு வெளியே ஓடுகிறார். நடிகர்கள் அப்படியே செய்கிறார்கள். கடைக்காரன் அவரைப் போலவே இடது தோளைத் தூக்குகிறான். குடிகாரனும் தூக்குகிறான். போஸ்ட்மேனும்.

"ஊர் முழுக்க லாதிஷெவ்," என்று ரிம்மா பாவ்லவ்னா சிரித்தார். "ஒருத்தர் படத்துல இத்தனை பேர் அவரா இருந்து நான் பாத்ததில்ல."

ஆனால் தோமாவின் ஷாட்டுகளில் மட்டும் அவர் இல்லை. தொடக்கத் துண்டில் அவள் தனியாக நிற்கிறாள், என்ன செய்வதென்று தெரியாமல். இன்று ஒலிநாடாவில் அவர் குரல் கேட்டது. "யெகோர் இல்யீச், எனக்கும் காட்டுங்களேன்," என்கிறாள் தோமா. "காட்டினா நீ நானாயிடுவேம்மா. நீ நில்லு. நான் அந்தப் பக்கம் திரும்பிக்கறேன்."

நிஜமாகத் திரும்பிக்கொண்டாரா? படத்தில் தெரியவில்லை.

ஜனவரி 14, 1974

பக்கத்து வீட்டுக்காரனாக நடிக்க வேண்டியவர் பனியில் வழுக்கிக் காலை முறித்துக்கொண்டார். வேறு ஆள் தேட நேரமில்லை. யெகோர் இல்யீச்சே அந்த வேஷத்தைப் போட்டுவிட்டார். ஒரே காட்சி. தோமாவின் சமையலறையில் உட்கார்ந்து, தன் மனைவி போன கதையைச் சொல்கிறார். கையிலிருக்கும் கறுப்பு ரொட்டியைச் சாப்பிடாமல் பேசிக்கொண்டே இருக்கிறார். கடைசியில் அந்தத் துண்டை அவள் பக்கம் தள்ளிவிடுகிறார்.

ரிம்மா பாவ்லவ்னா மேஜையில் அதை ஓட்டிப் பார்த்துவிட்டு விளக்கைப் போடவில்லை. மூக்கை உறிஞ்சினார். நானும் அழுதேன். அம்மா அவர் படத்தை அலமாரியில் ஏன் ஒட்டினாள் என்று இன்றுதான் தெரிந்தது.

பிப்ரவரி 11

முதல் முழுப் படம். சின்னத் திரையரங்கில் பக்கோமவும் குழுவில் உள்ள மற்றவர்களும். ரீலில் ஏதாவது பிய்ந்தால் ஒட்டுவதற்காக என்னைக் கடைசி வரிசையில் உட்கார வைத்திருந்தார்கள். யெகோர் இல்யீச் முதல் வரிசையில், நாற்காலியில் பக்கவாட்டாக. திரையைப் பார்க்கவில்லை. பார்க்கிறவர்களைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ரொட்டிக் காட்சி முடிந்தது. எல்லோரும் கைக்குட்டை தேடினார்கள். பக்கோமவ் எழுந்து குனிந்து அவர் தோளைத் தட்டினார். அந்த நேரத்தில் திரையில் என்ன ஓடிக்கொண்டிருந்தது? தோமா ஜன்னலருகில் நிற்கிறாள். டிராம் போகிற வெளிச்சம் முகத்தில் விழுந்து நகர்கிறது. அவள் முடிவெடுக்கிற இடம் அதுதான். முழுப் படமும் அதற்காகத்தான். ஒருவர்கூடப் பார்க்கவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டும் மூக்கைச் சிந்திக்கொண்டும் இருந்தார்கள்.

யெகோர் இல்யீச் மட்டும் அசையாமல் அவர்களைப் பார்த்தார். அந்த முகத்தை எப்படி எழுதுவது? கோபம் இல்லை. கணக்கில் ஏதோ தப்பு என்று கண்டுபிடித்தவர் மாதிரி.

விளக்கு வந்ததும் பக்கோமவ் சொன்னார்: "அற்புதம் யெகோர் இல்யீச். அந்தப் பக்கத்து வீட்டுக்காரனுக்கு இன்னும் ரெண்டு காட்சி எடுங்க. போஸ்டர்ல உங்க மூஞ்சி. நாடு முழுக்க ஓட்டிடலாம்."

"எடுக்கலைன்னா?"

"இப்ப இருக்கறதே போதும், இதுவும் ஓடும். ஆனா எடுங்க."

"நான் இல்லவே இல்லைன்னா?"

பக்கோமவ் சிரித்தார். பிறகு அவர் விளையாடவில்லை என்று தெரிந்துகொண்டு சிரிப்பை நிறுத்தினார். "நீங்க இல்லைன்னா இது ஒரு டிராம்காரி படம். தொழிற்சாலைக் கிளப்புகள்ல போடுவாங்க. அதுக்கப்புறம் உங்ககிட்ட இன்னொரு படத்தை யார் குடுப்பா? நான் குடுக்க மாட்டேன், நேராவே சொல்லிடறேன்."

பிப்ரவரி 12

தன்னையே வெட்டுவாரா?

பிப்ரவரி 15

அவருக்கு மாஸ்கோவிலிருந்து தொலைபேசி வந்ததாம். பெரிய போர்ப் படம், ஜெனரல் வேஷம், இரண்டு பாகம். ஸாவா காரில் கேட்டுவிட்டு எல்லோரிடமும் சொல்லிவிட்டார். "பித்துப் பிடிச்சவன்தான் வேணாம்பான்," என்றார் ரிம்மா பாவ்லவ்னா. "இங்க குளிர்ல நம்மகூடப் பசை நாத்தத்துல உட்கார்ந்திருக்கணும்னு என்ன தலையெழுத்து?"

எனக்கும் அவர் வெட்டக்கூடாது என்றுதான் இருக்கிறது. வெட்ட வேண்டும் என்றும் இருக்கிறது. இரண்டும் ஒன்றாக எப்படி இருக்க முடியும்?

மார்ச் 1

இன்று காலை யெகோர் இல்யீச் வந்தார். கோட்டைக்கூடக் கழற்றவில்லை.

"ரிம்மா பாவ்லவ்னா, சமையலறைக் காட்சியை எடுத்துடுங்க."

"சுருக்கணுமா?"

"எடுத்துடணும்."

ரிம்மா பாவ்லவ்னா கை உறைகளைக் கழற்றி மேஜையில் வைத்தார். "இந்த வேலைக்கு வந்ததுலேருந்து எத்தனையோ பேரை வெட்டியிருக்கேன். கெட்டதை வெட்டினேன், சுமாரானதை வெட்டினேன். இதுக்கு என் கை வராது. நான் டீ குடிக்கப் போறேன். உங்களுக்குப் புத்தி வந்ததும் கூப்பிடுங்க." போய்விட்டார். கதவை ஓங்கிச் சாத்தினார்.

அறையில் அவரும் நானும். நான் தரையைப் பார்த்தேன்.

"உன் பேரு ஃபாயா தானே? வெட்டத் தெரியுமா?"

தலையாட்டினேன்.

"அப்ப வெட்டு."

வெட்டினேன். அவர் முகம் நீளமாக, துண்டு துண்டாகக் கூடைக்குள் இறங்கியது. முன்பு வீண் பிலிமில் அவரை எத்தனை தடவை கூடையில் போட்டிருக்கிறேன், அப்போதெல்லாம் ஒன்றும் தோன்றவில்லை. இன்று ஒவ்வொரு துண்டையும் மடங்காமல் பார்த்து இறக்கினேன். அவர் நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கூடையைப் பார்க்கவில்லை.

ஒட்டி ஓட்டிப் பார்த்தோம். சரியாக வரவில்லை. தோமா மேஜையைப் பார்க்கிறாள், உடனே ஜன்னலருகில் நிற்கிறாள். எதைப் பார்த்தாள், எதற்காக எழுந்தாள் என்றே தெரியவில்லை. "நடுவுல ஒரு பள்ளம் இருக்கு," என்றார். "என்ன பண்ணலாம்? நீ சொல்லு."

கரும்பலகை. அதே கரும்பலகை. அவர் காத்திருந்தார். நான் கூடைக்குள் கையைவிட்டுத் தேடி ஒரு சின்னத் துண்டை எடுத்தேன். மேஜை மட்டும். ரொட்டியைத் தள்ளிவிடுகிற கை மட்டும். வசனம் இல்லை. அதை நடுவில் ஒட்டி ஓட்டினேன்.

ஒரு கை ரொட்டியைத் தள்ளுகிறது. தோமா அதைப் பார்க்கிறாள். எழுந்து ஜன்னலுக்குப் போகிறாள். டிராம் வெளிச்சம் அவள் முகத்தில் நகர்கிறது.

அவர் அதை மறுபடி ஓட்டச் சொல்லிப் பார்த்தார். பிறகு கேட்டார், "அது யார் கைன்னு தெரியுதா?"

"இல்ல," என்றேன். என் குரல் எனக்கே புதிதாக இருந்தது. "யாரோ ஒருத்தரோட கை."

"அப்ப இருக்கட்டும்."

எழுந்து கோட்டுப் பொத்தானைப் போட்டார். அப்போது எப்படித் தைரியம் வந்தது என்று தெரியவில்லை, கேட்டுவிட்டேன். "நடிக்கறதை ஏன் விட்டீங்க?"

இன்னொரு புதுப் பதில் வரும் என்று நினைத்தேன். அவர் திரையில் நின்றுபோயிருந்த தோமாவைக் காட்டினார். "இவளை நான் பாத்துட்டிருக்கும்போது, நான் எப்படி இருக்கேன்னு எனக்கு ஞாபகமே வரல. அது எனக்கு முன்னாடி நடந்ததில்ல."

சொல்லிவிட்டுப் போய்விட்டார். இதுவும் அந்த வேறு வேறு பதில்களில் ஒன்றா? இல்லை என்று நினைக்கிறேன்.

மார்ச் 2

ரிம்மா பாவ்லவ்னா என்னிடம் பேசவில்லை. மாலையில் புதிய ரீலை ஓட்டிப் பார்த்தார். "கையை யாரு போட்டா?" நான்தான் என்றேன். பெருமூச்சு விட்டார். முட்டைக்கோஸ் அடைத்த ரொட்டியில் பாதியைப் பிய்த்து என் பக்கம் தள்ளினார். இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

மே 17

பக்கோமவ் சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். போஸ்டர் கிடையாது. கிளப்புகளுக்குத்தான்.

செப்டம்பர் 15

ரொட்டித் தொழிற்சாலை கிளப்பில் இன்று அந்தப் படம். அம்மா அங்கேதான் வேலை செய்கிறாள். உதட்டுச் சாயம் போட்டுக்கொண்டு வந்தாள். அவர் படத்தில் இல்லை என்று நான் சொல்லவில்லை. எப்படிச் சொல்வது?

பாதிப் படத்தில் என் காதில் கேட்டாள். "எங்கடி அவன்?"

"இது அவர் எடுத்த படம்மா. நடிக்கல."

"இதுக்கா சாயம் போட்டுட்டு வந்தேன்?" பின் வரிசையில் இருந்த அம்மாவின் தோழி வேறு, "ஆளைக் காணோமே, கண்ணாடியை வீட்டுல வச்சுட்டு வந்தேனோ?" என்று கிண்டல் செய்தாள். எல்லோரும் சிரித்தார்கள்.

கை ரொட்டியைத் தள்ளியது. ஜன்னல். வெளிச்சம்.

சிரிப்பு நின்றுவிட்டது. இருமல்கூட இல்லை. அப்பா விட்டுப் போன பிறகு அம்மா எத்தனை மாலை எங்கள் ஜன்னலருகில் அப்படி நின்றிருப்பாள்? நான் திரையைப் பார்க்கவில்லை. பக்கவாட்டில் திரும்பி அம்மாவைப் பார்த்தேன்.

"தொறக்காதடி," என்று அவள் தோமாவிடம் மெதுவாகச் சொன்னாள். கொஞ்ச நேரம் கழித்து, "இல்ல, தொற."

வீட்டுக்கு வரும் வழியில் லாதிஷெவைப் பற்றி ஒரு வார்த்தையும் கேட்கவில்லை. தோமாவைப் பற்றித்தான் கேட்டுக்கொண்டே வந்தாள். எந்த வழித்தடத்தில் ஓட்டுகிறாள், குழந்தை உண்டா என்று.

அக்டோபர் 21

மாஸ்கோப் படத்தில் ஜெனரலாக வேறு யாரோ நடிக்கிறார்களாம். பக்கோமவ் யெகோர் இல்யீச்சுக்குப் படம் எதுவும் தரவில்லை. தீயணைப்புத் துறைக்காகப் பள்ளிகளில் காட்டுகிற பத்து நிமிடப் படம் ஒன்று யாரும் தொடாமல் கிடந்தது. அதைக் கேட்டு வாங்கிக்கொண்டாராம்.

வெந்நீர் பிடித்துக்கொண்டு வரும்போது தாழ்வாரத்தில் எதிரே வந்தார். என்னைப் பார்த்ததும் நின்றார். "ஃபாயா, நல்லவேளை. ஒரு பையன் தீக்குச்சியை உரசறான். அவன் மூஞ்சியைக் காட்டணுமா, பக்கத்துல உட்கார்ந்து பாக்கறாளே தங்கச்சி, அவ மூஞ்சியைக் காட்டணுமா?" கையை வீசிப் பேசியதில் காகிதக் கட்டு முழுதும் சரிந்து தரையெல்லாம் பரவியது.

நான் கெட்டிலைப் பிடித்துக்கொண்டு, அவர் உட்காருவதற்கு இடம் விட்டு, ஓரமாக ஒதுங்கினேன்.

அவர் குனிந்தார். ஒவ்வொன்றாகப் பொறுக்கினார். முழங்காலில் தட்டி அடுக்கிக்கொண்டே, "சொல்லு, யார் மூஞ்சி?"

"தங்கச்சி," என்றேன்.

"நானும் அதைத்தான் நெனச்சேன்," என்று சொல்லிவிட்டு, காகிதத்தைப் படித்துக்கொண்டே படியிறங்கிப் போனார்.

நான் கொஞ்ச நேரம் அங்கேயே நின்று தரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் உட்காரவில்லை. உட்கார வேண்டும் என்று அவருக்குத் தோன்றவே இல்லை.