அப்பாவின் மோர் வகுப்பும் ஆறாவது பீப்பாயும்

மதுரை,
பவ வருஷம் மாசி மாதம் 14ந் தேதி.

சிரஞ்சீவி அனந்தநாராயணனுக்கு அம்மா அநேக ஆசீர்வாதம். இங்கே நான் முழு க்ஷேமம், அப்பா முக்கால் க்ஷேமம். மீதிக் கால் கழுத்தில் இருக்கிறது, அது பிடித்துக்கொண்டு இரண்டு வாரமாக முகட்டைப் பார்த்தபடியே நடக்கிறார், வாசற்படி தெரியாமல் இரண்டு தடவை இடித்துக்கொண்டார். வைத்தியர் தைலம் கொடுத்திருக்கிறார், நீ பயப்படாதே. டில்லிக் குளிரில் நீயும் சௌபாக்கியவதி ஸ்யாமளாவும் எப்படி இருக்கிறீர்கள், குழந்தைக்குப் பல் முளைத்ததா என்று விவரமாக எழுது, கார்டில் நாலு வரி எழுதிவிட்டு வேலை ஜாஸ்தி என்று சொல்லாதே. அப்பா பள்ளிக்கூடத்திலிருந்து ஓய்வு பெற்றபின் ஒரு கம்பெனியில் வாத்தியார் வேலைக்குப் போகிறார் என்று ஆவணியில் எழுதியிருந்தேன் அல்லவா, என்ன கம்பெனி என்று எழுதவில்லை. மறந்துபோகவில்லை, வேண்டுமென்றேதான் எழுதவில்லை. அது ஒயின் கம்பெனி. இதைப் படித்ததும் தலையில் கை வைத்துக்கொள்ளாதே, கும்பகோணத்து அத்தைக்கும் எழுதாதே, முழுவதையும் படி. சித்திரைக்குள் வீட்டைப் பூட்டிக்கொண்டு டில்லிக்கு வந்துவிடுங்கள் என்று நீ ஐந்து கடிதம் எழுதிவிட்டாய். அப்பா என்னிடம் சொல்லியிருந்தது இதுதான், மாசியில் நடக்கும் பரீட்சையில் தன் வகுப்பு தேறினால் வேலை நிலைக்கும், மதுரையிலேயே இருக்கலாம், தேறாவிட்டால் மறுபேச்சில்லாமல் ரயிலேற வேண்டும். அதனால் போன ஆறு மாதமும் நான் மீனாக்ஷியிடம் வேண்டிக்கொண்டது ஒயின் நன்றாக வரவேண்டும் என்றுதான். என் வாயால் இப்படி ஒரு வேண்டுதல் வந்ததைக் கேட்டு அம்மனே கிளியைக் கீழே போட்டிருப்பாள்.

கம்பெனி பரவையில் திண்டுக்கல் ரோட்டின்மேல் ஒரு பெரிய கொட்டகை. திண்டுக்கல் பக்கத்துத் தோட்டங்களிலிருந்து திராட்சை வண்டியில் வரும், அதை ஒயினாக்கி மாதா கோவில்களுக்கும் ஆஸ்பத்திரி மருந்துக்கும் அனுப்புவது என்று ஏற்பாடு. முதலாளி நல்ல மனுஷர்தான், ஆனால் யோசிக்கிற மனுஷர், அதுதான் வினை. குடிக்கிறவனை வேலைக்கு வைத்தால் சரக்கைக் குடித்துவிடுவான், ஆகையால் வாத்தியார் முதல் சீசா கழுவுகிறவர் வரை பிறந்ததிலிருந்து ஒரு சொட்டும் தொடாதவர்களாக இருக்க வேண்டும் என்று முடிவு செய்துவிட்டார். அந்தக் கணக்கில் மதுரை ஜில்லாவிலேயே முதலாவதாக நின்றவர் உன் அப்பா, இருமல் மருந்தில் சாராயம் இருக்கும் என்று முகர்ந்துகூடப் பார்க்காதவர், அவரைத்தான் ஒயின் செய்யக் கற்றுக்கொடுக்க நியமித்தார்கள். கையில் ஒரு இங்கிலீஷ் புஸ்தகம் கொடுத்தார்கள், அதுதான் அவருக்கும் வாத்தியார். பிள்ளைகள் பன்னிரண்டு பேர், எல்லோரும் உசிலம்பட்டிப் பக்கத்து மானாவாரிக் காட்டுக்காரர்கள், இரண்டு வருஷமாக மழையில்லாமல் காடு காய்ந்ததால் வேலை தேடி வந்தவர்கள். கருப்பசாமி மேல் ஆணையாகக் குடித்ததில்லை என்று ஊர்ப் பெரியவர்கள் கைநாட்டு வைத்த கடிதத்தோடு வந்தார்கள். நல்ல உழைப்பாளிகள், மரியாதை தெரிந்தவர்கள். அதில் சோணை என்பவன் பெண்டாட்டி ஒச்சம்மாளும் அங்கேயே சீசா கழுவுகிறாள், எனக்கு ரொம்பப் பழக்கமாகிவிட்டாள்.

முதல் பாடம் திராட்சையைக் காலால் மிதிப்பது. புஸ்தகத்தில் அப்படித்தான் போட்டிருக்கிறதாம். பன்னிரண்டு பேரும் காலைக் கழுவிக்கொண்டு தொட்டிக்குள் இறங்கினார்கள், பழத்தில் கால் பட்டதும் எல்லோரும் குனிந்து பழத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். அடுத்த அடி வைத்தார்கள், மறுபடியும் குனிந்தார்கள். அப்பா கோபித்துக்கொள்ளப் போய், தானும் தவறி ஒரு பழத்தை மிதித்து, தானும் தொட்டுக் கும்பிட்டாராம். சாயங்காலம் வரை ஒரு கூடைப் பழம் நசுங்கவில்லை, பன்னிரண்டு பேருக்கும் இடுப்பு பிடித்துக்கொண்டது. சுருளி என்று ஒருவன், அவன்தான் வகுப்பில் வாய்க்காரன், சாமிக்குப் படைக்கிற பழத்தை எம்புட்டு நேரம் மிதிக்கிறது சாமி, மேலே இருக்கிறவரு கணக்கு வைக்க மாட்டாரா என்று கேட்டானாம். அப்பா அன்று முழுவதும் யோசித்து ஒரு வழி கண்டுபிடித்தார். காலையில் கற்பூரம் காட்டி, இன்று மிதிக்கப்போகிற பழம் அத்தனைக்கும் சேர்த்து மொத்தமாக ஒரே மன்னிப்புக் கேட்டுவிடுவது, பிறகு சாயங்காலம் வரை குனிய வேண்டாம். இதை முதலாளி கேட்டுவிட்டு உமக்கு மூளை அபாரம் என்றாராம். அப்பாவுக்கு அன்றைக்கு ராத்திரி தூக்கமே இல்லை, அத்தனை பெருமை.

ருசி பார்க்கும் பாடத்தில்தான் விபரீதம் ஆரம்பித்தது. தம்ளரை உதட்டில் வைத்து ஒரு வாய் உறிஞ்சி, வாய்க்குள் புரட்டி, துப்பிவிட வேண்டும் என்று புஸ்தகம். ஒரே தம்ளரைப் பன்னிரண்டு பேர் எச்சில் செய்வதா என்று அப்பாவுக்கு உடம்பெல்லாம் கூசிவிட்டது. பிள்ளைகளுக்கோ வாத்தியாருக்கு எதிரே துப்புவது என்றால் உயிர் போகிற காரியம். பேயாண்டி என்கிற பையன், குருவுக்கு முன்னால துப்பினா நாக்கு அழுகிப்போகும் சாமி என்று அழுதே விட்டான். ஆகையால் அப்பா தம் அறிவைக்கொண்டு புஸ்தகத்தைத் திருத்தினார். தம்ளரைத் தூக்கி அண்ணாந்து ஊற்றிக்கொள்வது, எச்சிலும் இல்லை, விழுங்கிவிட்டால் துப்பலும் இல்லை. ஊற்றுகிற முறையைத் தினமும் அவரே செய்து காட்டினார், ஆறு மாதம் அண்ணாந்ததில்தான் இன்றைக்குக் கழுத்து இப்படி நிற்கிறது. ஒயின் ஊறி முடிய மாசியாகும், அதுவரை எதை ஊற்றுவது? என் மோரை. இன்றைய மோர், நேற்றைய மோர், மூன்று நாள் மோர், பெருங்காயம் போட்டது, போடாதது என்று நாளொன்றுக்கு ஐந்து குடம் ஜட்காவில் போயிற்று. என் உறியில் எனக்கென்று ஒரு சொட்டு மோர் மிஞ்சவில்லை. ஆனால் பிள்ளைகள் தேறிவிட்டார்கள் என்றுதான் சொல்லவேண்டும், கண்ணைக் கட்டி ஊற்றினாலும் இது செவ்வாய்க்கிழமை கடைந்தது என்பார்கள். பீப்பாயில் ஊறுவது மோர் இல்லையே என்று நான் ஒரு நாள் சொன்னேன். அடுப்பங்கரையில் இருப்பவளுக்கு ஸயன்ஸ் எங்கே தெரியும் என்றார். சரி என்று அடுத்த குடத்துக்குக் கடைய உட்கார்ந்தேன், உள்ளுக்குள் எனக்குப் பற்றிக்கொண்டுதான் வந்தது.

போன வெள்ளிக்கு முந்தின வெள்ளிக்கிழமை பரீட்சை. புதுச்சேரியிலிருந்து முசே சவரியப்பர் என்று ஒரு பெரியவர், முசே என்றால் பிரெஞ்சில் ஐயாவாம், ஆள் தமிழர்தான், தொப்பியும் கைத்தடியுமாக வந்தார், ஒயினிலேயே பழுத்தவராம். விருந்தாளிக்குச் சாப்பாடு என்று புளியோதரையும் தயிர்சாதமும் எடுத்துக்கொண்டு நானும் போயிருந்தேன். கொட்டகைக்குள் நான் நுழையவில்லை, வெளியே வேப்பமரத்தடியில் ஒச்சம்மாளோடு உட்கார்ந்திருந்தேன், சன்னல் வழியாக எல்லாம் தெரிந்தது. சுவரோரமாக, சன்னலுக்கு ஒன்றாக எட்டுப் பீப்பாய். அதில் ஒன்று உள்ளுக்குள் கெடத் தொடங்கியிருக்கிறது, எது என்று பிள்ளைகள் கண்டுபிடிக்க வேண்டும், அதுதான் பரீட்சை. அப்பா அங்கவஸ்திரத்தைச் சரிசெய்துகொண்டு தலையை ஆட்டினார், பன்னிரண்டு பேரும் ஒரே வரிசையில் அண்ணாந்து தம்ளர் நிறைய ஊற்றி விழுங்கினார்கள். பிறந்ததிலிருந்து தொடாத உடம்புகள், வெறும் வயிறு, பரீட்சை என்று விரதம் வேறு. முசே எழுந்து நின்று, துப்பவில்லையா என்று கேட்டார். அது அநாசாரம் என்றார் அப்பா. இரண்டாம் பீப்பாய்க்கு சுருளி பெருங்காயம் பத்தலை என்று தீர்ப்புச் சொன்னான். மூன்றாம் பீப்பாய்க்கு இது புதன்கிழமைக் கடைசல் என்றான் ஒருவன், இல்லை வியாழன் என்று அடுத்தவன் அவனைப் பிடித்துத் தள்ளினான். நாலாவதில் எட்டுப் பேர் உட்கார்ந்துவிட்டார்கள். பேயாண்டி பீப்பாயைக் கட்டிக்கொண்டு, உன்னை மிதிச்சதுக்கு மன்னிச்சிரு ஆத்தா என்று அழுதான். ஐந்தாவதில் நின்றவன் சோணை ஒருவன்தான், அவனும் முசேயைப் பார்த்து மாப்ள என்று கூப்பிட்டான். எனக்குச் சிரிப்பு வந்தது, சிரிக்க முடியவில்லை அனந்து. அப்பாவின் முகத்தைப் பார்த்தேன். முப்பது வருஷம் பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளைத் தேறவைத்த மனுஷர், கழுத்தும் திரும்பாமல், புஸ்தகத்தை மார்போடு பிடித்துக்கொண்டு நின்றார். என் கண்ணுக்கு டில்லி ரயில் தெரிந்துவிட்டது.

இலை போடுகிற சாக்கில் எழுந்து சன்னல்களை ஒட்டி நடந்தேன், கண்ணீரை யாரும் பார்க்கக் கூடாதென்றுதான். ஒவ்வொரு சன்னலுக்கும் ஒரு வாசனை வந்தது. ஆறாவதில் சட்டென்று நின்றுவிட்டேன், பால் திரிவதற்கு ஒரு நாழிகை முன்னால் ஒரு வாடை வருமே, அதற்குத் தங்கை மாதிரி ஒரு வாடை. உனக்குத்தான் தெரியுமே, நம் வீட்டில் ஸ்வாமிக்கு நைவேத்தியம் ஆகிறவரை சமைத்ததை வாயில் வைக்கக் கூடாது, இத்தனை வருஷமும் உப்பு, புளி, பதம் எல்லாம் மூக்கால்தான் பார்த்திருக்கிறேன். அந்நிய மனுஷரிடம் நான் எப்படிப் பேசுவது? ஒச்சம்மாளிடம் சொன்னேன், அவள் சன்னலில் தலையை விட்டு முசேயைப் பார்த்து, அண்ணே, ஆறாவது பீப்பாதான் கெட்டுப்போச்சுன்னு எங்க அம்மா சொல்றாக என்று ஊருக்கே கேட்கக் கத்தினாள். முசே ஆறாவதைத் திறந்து ஒரு வாய் எடுத்துத் துப்பினார், முகம் மாறிவிட்டது. எல்லாவற்றிலிருந்தும் தம்ளர்களில் எடுத்து, இடம் மாற்றிச் சன்னல் மேடையில் வரிசையாக வைக்கச் சொன்னார். நான் புடவைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டு மூக்கை மட்டும் காட்டினேன். கெட்டதை எடுத்து ஒதுக்கினேன். இன்னொன்று ஈரச் சாக்கால் துடைத்த பீப்பாயிலிருந்து வந்தது என்று ஒச்சம்மாளிடம் சொன்னேன், அவள் நாக்கைக் கடித்துக்கொண்டாள், துடைத்தது அவள்தான். முசே தொப்பியைக் கழற்றிவிட்டார். நான் பதினோரு வருஷம் படிச்சேன், இந்த அம்மா வாயே திறக்காம சொல்லுது, யார்கிட்டே பாடம் என்று கேட்டார். தம்மிடம் என்று அப்பா சொல்லிவிட்டிருக்கலாம், நானும் ஆமாம் என்றிருப்பேன். அவர் சொல்லவில்லை. எனக்கே இப்பத்தான் தெரியறது, இவ்வளவு நாளா நான் இவ கையால சாப்பிட்டிருக்கேன், எப்படிப் பண்றதுன்னு ஒரு நாள்கூடக் கேட்டதில்லை என்றார். ஸர்டிபிகேட்டில் எழுதவேண்டும், பெயர் என்ன என்றார் முசே. கல்யாணமான முப்பத்திரண்டு வருஷத்தில் அப்பா என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதே கிடையாது. நீ பிறந்தபின் அனந்து அம்மா, அதற்கு முன் தொண்டையைக் கனைப்பார். அன்று முகட்டைப் பார்த்தபடியே, வகுப்பில் ஆஜர் எடுக்கிற குரலில், அகிலாண்டேஸ்வரி என்றார். தரையில் கிடந்த சுருளி எனக்குப் பதிலாக ஆஜர் சாமி என்றான்.

வகுப்பு தேறியது என்று சொல்ல முடியாது, தோற்றது என்று முசே எழுதவும் இல்லை. வாயை விட்டுவிட்டு மூக்கிலிருந்து ஆரம்பித்து இன்னும் ஆறு மாதம் சொல்லிக்கொடுக்க வேண்டும், அப்பாவின் வேலை நிரந்தரம், மூக்குப் பாடத்துக்கு நான் பொறுப்பு என்று முதலாளி கையெழுத்துப் போட்டிருக்கிறார். வீட்டுக்கு வந்து தலைக்கு ஸ்நானம் செய்துவிட்டுத்தான் அடுப்பைத் தொட்டேன். இப்போது செவ்வாய், வெள்ளியில் பன்னிரண்டு பேரும் நம் கொல்லைக்கு வந்து வரிசையாக உட்கார்ந்து மூடிய பாத்திரங்களை முகருகிறார்கள். மூக்கை வைத்தே உப்புச் சொல்லும் அளவுக்கு சோணை வந்துவிட்டான், பேயாண்டிக்கு ஜலதோஷம். எதிர்வீட்டார் நாம் ஏதோ ஹோமம் நடத்துகிறோம் என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்கள், அப்படியே இருக்கட்டும். ஸர்டிபிகேட்டில் எட்டு ஒயின்களை ருசி பார்த்து அறிந்தவர் என்று அச்சடித்திருக்கிறது. அப்பா அதைக் கூடத்தில் மாட்டவேண்டும் என்று ஒற்றைக்காலில் நிற்கிறார். அத்தை வரும்போது திருப்பி மாட்டுவது என்று சமாதானமாகியிருக்கிறது.

ஆகையால் நாங்கள் டில்லிக்கு வரவில்லை அனந்து. வருத்தப்படாதே, உன் மேலும் ஸ்யாமளா மேலும் எனக்கு ஒரு குறையும் இல்லை. அங்கே அடுப்பு அவளுடையது, அது அப்படித்தான் இருக்கவேண்டும். பக்கத்தில் பலகை போட்டுக்கொண்டு சும்மா உட்கார எனக்குத் தெரியாது, அதை நினைத்து எத்தனையோ நாள் அழுதிருக்கிறேன், உன்னிடம் சொல்ல வெட்கமாக இருந்தது. நீங்கள் மூவரும் கோடையில் இங்கே வாருங்கள். ஸ்யாமளாவிடம் பாலைக் கொதிக்க வைக்கும் முன் ஒரு தரம் முகரச் சொல், குழந்தைக்குக் காதில் காற்றுப் படாமல் துணி கட்டு, வெறும் வயிற்றோடு ஆபீசுக்கு ஓடாதே. அப்பாவுக்குக் கழுத்தில் சுற்ற ஒரு கம்பளித் துண்டு அனுப்ப மறக்காதே. மூவரும் தீர்க்காயுளோடு நிறைவாக இருக்க மீனாக்ஷி துணையிருப்பாள். எல்லாக் கடிதத்திலும் உன் அம்மா என்று மட்டும் போட்டு முடிப்பேன். இந்தத் தடவை அப்பா பக்கத்தில் நின்று, கழுத்து வலியோடு குனிந்து பார்த்து, பெயரைப் போடு என்கிறார்.

இப்படிக்கு, ஆசீர்வாதங்களுடன்,
அகிலாண்டேஸ்வரி
(உன் அம்மா)